கருங்காலி வழக்கு

"குத்தத்தை ஒத்துக்கிறேன்னு சொல்லிடறேன் மேடம். எதுக்கு வீண் வம்பு?"

வக்கீல் பிரகதீஸ்வரி கையிலிருந்த கேஸ் கட்டை மூடினாள். ஜெயிக்கிற கேஸில் தோற்கத் துடிக்கும் கட்சிக்காரரை இப்போதுதான் பார்க்கிறாள்.

திருமயம் கோர்ட் வராந்தா. எதிரே ஆத்மநாதன். அரிமளம் கடைவீதியில் ருத்திராட்சம், ஸ்படிகம், கருங்காலி மாலை விற்பவர். மாலைக்கு மணி கடைய அவர் வைத்திருந்த கட்டைகளை, பெர்மிட் இல்லாத கருங்காலி என்று போன மாதம் வனத்துறையினர் ஒரு மினி லாரி நிறைய அள்ளிக்கொண்டு போய்விட்டார்கள்.

"தெரிஞ்சுதான் பேசறீங்களா? ஆறு மாசம் உள்ள போகணும். கறுப்பா இருந்துச்சு, கருங்காலின்னு எழுதிட்டாங்க, அவ்வளவுதான் அவங்க ஆதாரம். கட்டையை லேப்புக்கு அனுப்பச் சொல்லி ஒரு மனு போட்டா, ஆடிப் போயிடுவாங்க."

"லேப்பா?" ஆத்மநாதனுக்கு வியர்த்துவிட்டது. "வேணாம் மேடம். லேப்பு மட்டும் வேணவே வேணாம்."

பிரகதீஸ்வரி குரலைத் தாழ்த்தினாள். "அப்ப நிஜமாவே கருங்காலிதானா?"

"ஒரிஜினல் மேடம். கையில எடுத்தாலே கரண்டு மாதிரி ஏறும்."

பக்கத்தில் உட்கார்ந்திருந்த மனைவி இளமதி, "இல்ல மேடம், அது வந்து..." என்று ஆரம்பித்தாள்.

"நீ சும்மா இரு. கோர்ட்டைப் பத்தி ஒனக்கு என்ன தெரியும்? அங்கிட்டுப் போயி ஒரு டீ குடிச்சுட்டு வா."

இளமதி நகரவில்லை. "எங்க ஆத்தா வீட்டுக்கு ஒரு நாள் வாங்கன்னா வர மாட்டாரு. அந்த மாமியா வீட்டுக்குப் போக மட்டும் எப்படித் துடிக்கிறாருன்னு பாருங்க மேடம்!"

பிரகதீஸ்வரி விடவில்லை. "சரி, ஒங்களைப் போட்டுக் கொடுத்தது யாரு? முன்விரோதம்னு சொல்லிப் பார்ப்போம்."

"எந்தக் கருங்காலியோ!"

"அந்தக் கருங்காலிக்கெல்லாம் பெர்மிட் கேக்க மாட்டாங்களா?" என்றாள் இளமதி.

அதற்குள் உள்ளே பெயர் கூப்பிட்டுவிட்டார்கள்.

"குற்றத்தை ஒப்புக்கொள்கிறீர்களா?" என்று கேட்டார் நீதிபதி.

"ஒத்துக்கிறேங்கய்யா. பெர்மிட் இல்லாம கருங்காலி வச்சிருந்தேன்."

"யாராவது மிரட்டிச் சொல்லச் சொன்னாங்களா?"

"இல்லைங்கய்யா. என் மனசாட்சி சொல்லுது. ஒரிஜினல் கருங்காலிங்கய்யா. அதையும் எழுதிக்கச் சொல்லுங்க."

சாட்சி சொல்வதற்காக வாரக் கணக்கில் மனப்பாடம் செய்து வந்திருந்த வனவர் வெற்றிச்செல்வன், வாய் பிளந்தபடி உட்கார்ந்துவிட்டார்.

முதல் குற்றம் என்பதால் ஜெயில் தப்பியது. ஒரு அபராதம், கோர்ட் கலையும் வரை ஓரமாக நிற்க வேண்டும், கட்டைகள் அரசுக்குச் சொந்தம். ஆத்மநாதன் கல்யாண மாப்பிள்ளை மாதிரி சிரித்துக்கொண்டே சாயங்காலம் வரை நின்றார்.

"தீர்ப்பு நகல் எப்பக் கிடைக்கும் மேடம்?"

"அது எதுக்கு? அப்பீல் போகப் போறீங்களா?"

"ஐயையோ, இல்ல. ஒரு ஞாபகத்துக்கு."

'இந்தக் காலத்தில் இப்படியும் ஒரு நல்ல மனிதர்' என்று நினைத்தபடி பிரகதீஸ்வரி மனு எழுதிக் கொடுத்தாள்.

பத்தாவது நாள் நகல் கைக்கு வந்தது. அரிமளம் பஸ்ஸில் ஏறி உட்கார்ந்ததும், அத்தனை நாள் அடக்கி வைத்திருந்ததை இளமதி கொட்டினாள்.

"அறிவிருக்கா ஒங்களுக்கு? கண்மாய்க்கரையில கெடந்த சீமைக்கருவையை வெட்டி, கறுப்புச் சாயத்துல ஊற வச்சேன்னு உண்மையைச் சொல்லியிருந்தா, அன்னைக்கே கேஸ் தள்ளுபடி ஆயிருக்குமே! அபராதமும் கட்டி, அவ்வளவு நேரம் கால் கடுக்கவும் நின்னீங்களே?"

ஆத்மநாதன் நகலை மடங்காமல் மடியில் வைத்து, அதிலிருந்த முத்திரையை மெல்லத் தடவினார்.

"அடிப் போடி. இதை ஃபிரேம் போட்டுக் கடை வாசல்ல மாட்டிட்டா, 'இது ஒரிஜினல் கருங்காலிதானா'ன்னு இனிமே எவனாச்சும் வாயைத் தொறப்பானா?"