செத்தவர் எடுத்த காண்ட்ராக்ட்

இப்போதெல்லாம் செத்தவனைக்கூட ஆட்கள் சும்மா விடுவதில்லை. முன்சீப் கோர்ட்டில் பெத்தணன் துண்டை வாயில் பொத்திக்கொண்டு அழுத அழுகையைப் பார்த்திருந்தால் உங்களுக்கே விளங்கியிருக்கும்.

"எங்க அண்ணன் போயிட்டாகளே, எசமான்! அவுக இருந்தா நான் இந்தக் கூண்டுல வந்து நிப்பனா?"

அண்ணன் என்றால் பெரியப்பா மகன். செத்து மூன்று வருஷம் ஆகிறது. இழவு வீட்டில் கால் மணி நேரம் நின்றுவிட்டு, மாட்டுச் சந்தைக்கு நேரமாகிறது என்று போனவர்தான் இந்தப் பெத்தணன். அழுகை இப்போதுதான் வந்து சேர்ந்தது.

வராமல் என்ன செய்யும்? நாலு வருஷத்துக்கு முன்னால் நாரணாபுரத்துப் பட்டாசுக் கம்பெனிகளுக்குப் போகிற ரோட்டுக்கு ஜல்லி போடும் காண்ட்ராக்ட் எடுத்தவர் அவர்தான். நாற்பது லோடு குறைகிறது, இரண்டாயிரம் ரூபாய் கட்டு என்றது சர்க்கார். கட்டவில்லை. அவருடைய ஏழு குறுக்கம் கரிசல் நிலத்தை ஏலம் விடப்போவதாகத் தண்டோராவும் போட்டாயிற்று.

அப்போதுதான் வக்கீல் ஒரு வழி கண்டுபிடித்தார். தாத்தா பேரைப் பேரன்மார் எல்லோருக்கும் வைப்பது இந்தப் பக்கத்து வழக்கம். செத்த அண்ணனும் பெத்தணன்தான். காண்ட்ராக்ட் பத்திரத்தில் தகப்பன் பேரை எழுத ரோட்டு ஆபீஸ் குமாஸ்தா மறந்திருந்தார். கைநாட்டிலோ மசி அப்பிக் கிடந்தது. அது கட்டைவிரலா, கரித்துண்டா என்று எவனாலும் சொல்ல முடியவில்லை.

ஆகவே காண்ட்ராக்ட் எடுத்தது அண்ணன்! அவருக்கோ ஒரு முழம் நிலம் கிடையாது. சர்க்கார் எதை ஜப்தி செய்யும்?

சாட்சிக்கு அண்ணன் சம்சாரம் பஞ்சம்மாளைக் கூப்பிடப் பெத்தணனுக்குக் கொஞ்சம் கூச்சம்தான். அதே ரோட்டில் அவள் கல் உடைத்த கூலியில் பாதியை அவர் இன்னும் கொடுக்கவில்லை. ஆனால் அவள் ஒரு வார்த்தை எதிர்த்துப் பேசாமல் வந்து கூண்டேறினாள்.

"காண்ட்ராக்ட் எடுத்தது யாரும்மா?"

"எங்க வீட்டுக்காரகதான், சாமி."

"பேரைச் சொல்லு."

"புருசன் பேர எப்பிடிச் சொல்ல? இந்தா நிக்காகல்ல கொழுந்தனாரு, இவுக பேருதான் அவுகளுக்கும்."

கோர்ட்டே சிரித்தது. பெத்தணன் ஜெயித்தார். காண்ட்ராக்டர் செத்துப்போன பெத்தணன்தான் என்று தீர்ப்பாகி, ஏலமும் ரத்தானது.

வெளியே வந்ததும் அவருக்குத் தாராள குணம் பொத்துக்கொண்டு வந்தது.

"மதினி, என்ன வேணும் கேளுங்க. ஒரு சேலை எடுத்துத் தரட்டா?"

"சேலையெல்லாம் வேணாம், கொழுந்தனாரே. அந்தத் தீர்ப்புக்கு ஒரு நகல் வாங்கிக் குடுங்க, போதும்."

"எழுத்துக் கூட்டவே தெரியாது உங்களுக்கு. நகல வச்சு என்ன செய்யப் போறீக?"

"அவுக பேரு சர்க்காரு காயிதத்துல ஏறியிருக்குல்ல. பெட்டியில கிடக்கட்டும்."

சேலைக் காசு மிச்சம் என்று அன்றைக்கே நகல் எடுத்துக் கொடுத்தார்.

ஆறு மாதம் போயிற்று. ஆடிட் ஆட்கள் வந்து அளவுப் புத்தகத்தைப் புரட்டினார்கள். கூட்டலில் பிசகு, ஜல்லி குறையவில்லை, கூடவே விழுந்திருக்கிறது, சர்க்கார்தான் காண்ட்ராக்டருக்கு மூவாயிரம் ரூபாய் தரவேண்டும் என்று எழுதிவிட்டுப் போனார்கள். சேதி டீக்கடைக்கு வந்த மறுநிமிஷம் பெத்தணன் ரோட்டு ஆபீஸில் நின்றார்.

"அந்தக் காண்ட்ராக்டரு நான்தான்யா!"

குமாஸ்தா காசிராஜன் மூக்குக் கண்ணாடியை இறக்கிப் பார்த்தார்.

"அவரு செத்துட்டாருன்னு கோர்ட்டுல அழுதது நீங்கதான, பெரியவரே?"

"அது அப்ப. வக்கீல் சொன்னான், அழுதேன்."

"அப்ப, கோர்ட்டுல பொய் சொன்னேன்னு ஒரு காயிதம் எழுதிக் குடுங்க. பணம் வருதோ இல்லையோ, ஜெயிலு கட்டாயம் வரும்."

பெத்தணன் துண்டை உதறித் தோளில் போட்டார்.

"எனக்குத் தெரியாதாய்யா உங்க சர்க்காரப் பத்தி? வாங்கத் தெரியும், குடுக்கத் தெரியாது. எனக்கு இல்லேங்கீக, பெறகு செத்தவனுக்கா குடுக்கப் போறீக? எல்லாருமாப் பங்கு போட்டுத் திங்கத்தான இம்புட்டுச் சட்டம்!"

திரும்பிப் பார்க்காமல் படியிறங்கி நடந்தார். ஒருத்தனையும் நம்பாத நடை.

பின்னாலிருந்து காசிராஜன் குரல் கொடுத்தார்:

"செத்தவருக்குத்தான் குடுத்தோம், பெரியவரே. முந்தாநாளு அவரு சம்சாரம் வந்து வாங்கிட்டுப் போயிட்டாக!"