வேண்டாமென்ற வாய்தா

"முதுகுவலி ஏழு தடவை. குலதெய்வம் கோயில் கிடா வெட்டு நாலு தடவை. மாமியார் இறந்தது ரெண்டு தடவை." வழக்குக் கட்டை மூடிவிட்டு நிமிர்ந்தார் முன்சீப் தமயந்தி. "அது எப்படிங்க, ஒரே மாமியார் ரெண்டு தடவை சாவாங்க?"

பிரதிவாதி வைரவன் தலையைச் சொறிந்தார். "ரெண்டாவது தடவை நிஜமாவே செத்துட்டாங்கம்மா."

கோர்ட்டே சிரித்தது. தமயந்திக்குச் சிரிப்பு வரவில்லை.

அப்பா விட்டுப்போன ஓட்டு வீட்டில் பாதி கேட்டுத் தங்கை மலர்க்கொடி போட்ட வழக்கு. ஒன்பது வருஷமாக வாய்தா வாங்கியே இழுத்தடிக்கிறார் அண்ணன். கோர்ட் வராந்தாவில் அவருக்கு 'வாய்தா வைரவன்' என்றே பெயர் விழுந்துவிட்டது. மாற்றலாகி வந்த ஆறு மாதத்தில் தமயந்தியும் எச்சரித்துப் பார்த்தார், செலவுத்தொகை போட்டுப் பார்த்தார். மனுஷன் அதையும் கட்டிவிட்டு அடுத்த காரணத்தோடு வந்து நின்றார். கூடப் பிறந்தவளை இப்படி அலையவிடுகிறவர்களைக் கண்டாலே தமயந்திக்குப் பற்றிக்கொண்டு வரும்.

"இன்னைக்குக் கூண்டுல ஏறிச் சாட்சி சொல்லணும். இல்லேன்னா உங்க தரப்பை முடிச்சுட்டுத் தீர்ப்பு எழுதிடுவேன்."

வைரவனின் வக்கீல் ராஜமாணிக்கம் மனுவோடு எழுந்தார். "யுவர் ஆனர், ஒரு சின்ன விஷயம்..."

"உங்க சின்ன விஷயத்தாலதான் இந்தக் கட்டு இவ்வளவு பெருசாச்சு. உட்காருங்க."

தமயந்தியின் பார்வை மலர்க்கொடியிடம் போனது. எப்போதும் அவளை ஒட்டியே உட்கார்ந்து, வாய்தா விழும்போதெல்லாம் சத்தம் போடும் புருஷனைக் காணோம்.

"உங்க வீட்டுக்காரர் வரலையா?"

"தவறி இருபது நாளாச்சும்மா."

ராஜமாணிக்கம் கையிலிருந்த மனுவைச் சட்டென்று மடித்துப் பையில் செருகினார். "அதையேதான் நானும் சொல்ல வந்தேன், யுவர் ஆனர். கட்சிக்காரரோட சொந்த மச்சான். துக்க வீடு. ஒரே ஒரு வாய்தா..."

மாமியாரின் இரண்டாவது சாவை விட்டால், ஒன்பது வருஷத்தில் முதல் நிஜமான காரணம். மனசில்லாமல் பேனாவை எடுத்தார் தமயந்தி.

"வாய்தா வேணாங்கம்மா" என்றார் வைரவன்.

வக்கீல் தடுப்பதற்குள் கூண்டில் ஏறிவிட்டார். "வீட்டுல சரிபாதி தங்கச்சிக்குத்தாங்க. எங்க கையெழுத்துப் போடணும்?"

தமயந்திக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. "இதை ஒன்பது வருஷம் முன்னாடியே சொல்லியிருக்கலாமே? மச்சான் சாகட்டும்னு காத்திருந்தீங்களா?"

வைரவன் கூண்டின் கட்டையையே பார்த்துக்கொண்டு நின்றார்.

தமயந்தி தங்கையிடம் திரும்பினார். "நீங்க சொல்லுங்கம்மா. இத்தனை வருஷம் அலையவிட்டதுக்கு இவர் மேல இன்னொரு செலவு போடவா?"

மலர்க்கொடி எழுந்து முன்னால் வந்தாள்.

"அண்ணனைத் திட்டாதீங்கம்மா. கேஸ் போடவெச்சது எங்க வீட்டுக்காரரு. தீர்ப்பு வந்த மறுநாளே என் பங்கையும் வித்துக் குடிச்சிருப்பாரு. கேஸ்ல கிடக்குற வீட்டை எவன் வாங்குவான்? தங்கச்சி பங்கைத் தின்னவன்னு ஊரே பேசுச்சு, அண்ணன் வாயைத் திறக்கல. முதுகுவலின்னு சொல்லுண்ணே, மாமியார் செத்துட்டாங்கன்னு சொல்லுண்ணேன்னு ஒவ்வொரு தடவையும் சொல்லிக் குடுத்ததே நான்தாம்மா."