கம்பில் ஏறிய இன்ஜினியர்

"தொப்பை பத்தாது சார். இன்னும் ரெண்டு பிடி வைக்கோல் வைக்கணும்," என்றாள் வினிதா.

அசரியா மூக்குக் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டுப் பொம்மையைப் பார்த்தார். கல்லூரியில் முப்பத்திரண்டு வருஷம் ஆங்கிலம் நடத்தி ஓய்வு பெற்றவர். இப்போது செம்பாக்கம் ஏரிக்குப் பின்னால் இருக்கும் அந்தத் தெருவின் நலச் சங்கத் தலைவர். கார் ஷெட்டில் உட்கார்ந்து பொம்மைக்கு வைக்கோல் திணிக்கும் வேலை தன் தலையில் வந்து விடியும் என்று அவர் கனவிலும் நினைத்ததில்லை.

தெருவில் கழிவுநீர்க் கால்வாய் தோண்டி நாலு மாதம் ஆகிவிட்டது. மேலே மூட வேண்டிய சிமெண்ட் ஸ்லாப் மட்டும் வந்து சேரவில்லை. போன மாதம், பதினான்காம் நம்பர் வீட்டுக்குப் புதிதாகக் குடிவந்த அஞ்சம்மாள் அதில் விழுந்து காலை முறித்துக்கொண்டாள். வினிதா அந்த அம்மாளின் மகள். கோவிலம்பாக்கத்திலிருந்து தினமும் ஸ்கூட்டியில் வந்து அம்மாவைக் கவனித்துக்கொள்கிறாள்.

மழைக்கு இன்னும் இரண்டே வாரம். தண்ணீர் ஏறிவிட்டால் தெரு எது, கால்வாய் எது என்று தெரியாது. அடுத்து விழுகிறவர் எழுந்து வருவாரா என்பதே சந்தேகம். கால்வாய் வேலைக்குப் பொறுப்பான இன்ஜினியரிடம் போனால், ஃபைல் நகர்ந்துகொண்டிருக்கிறது என்று சிரித்த முகமாகச் சொல்லி அனுப்பிவிடுகிறார். அதனால்தான் திங்கட்கிழமை காலை அவர் அலுவலக வாசலிலேயே அவர் பொம்மையைக் கொளுத்துவது என்று சங்கம் முடிவு செய்திருந்தது.

வைக்கோல் கொடுத்தவர் குமரேசன். ஊரின் பூர்வீகக் குடும்பம், இன்னும் இரண்டு மாடு வைத்திருக்கிறார். "இன்னா சார், கொளுத்தப்போற பொம்மைக்கு இம்மாம் அலங்காரம் எதுக்கு? ஒரு பானையைக் கவுத்து, பேரை எழுதி மாட்டினா முடிஞ்சுது," என்றார்.

அசரியாவுக்குள் தூங்கிக்கொண்டிருந்த வாத்தியார் எழுந்துவிட்டார். பேரை எழுதி மாட்டினால் அது பொம்மை, நாம் செய்வது எஃபிஜி என்று ஆரம்பித்தார். இங்கிலாந்து தேவாலயங்களில் கல்லறைமேல் படுத்திருக்கும் ராஜா ராணிகளின் கல்லுருவத்துக்கு அந்தப் பெயர்தானாம். நாணயத்தில் இருக்கும் தலைக்கும் அதே பெயராம். குற்றவாளி கையில் சிக்காதபோது அவனுடைய எஃபிஜியைத் தூக்கில் போட்டுத் தண்டனையை நிறைவேற்றிய காலமும் உண்டாம்.

"மரியாதையோ தண்டனையோ, அந்த ஆளுக்குப் பதிலா அது நிக்கணும் குமரேசன். அவரைத் தெரிஞ்சவங்க பார்த்தா அவரேதான்னு திடுக்கிடணும். இல்லேன்னா வெறும் வைக்கோல்."

குமரேசன் மாட்டுக்குத் தண்ணீர் காட்ட வேண்டும் என்று மெல்ல நழுவினார். வினிதா மட்டும் ஒரு வார்த்தை விடாமல் கேட்டாள். கேட்டுவிட்டு, தான் கொண்டுவந்திருந்த துணிப்பையை அவிழ்த்தாள். சந்தன நிறத்தில் சட்டை, கறுப்பு பேண்ட், பெல்ட். தொப்பை ஏறியதும் சட்டை அளவெடுத்துத் தைத்தது போலப் பொருந்தியது.

அதோடு அவள் விடவில்லை. இடது கைக்காரர் என்று வாட்சை வலது மணிக்கட்டில் கட்டினாள். மேல் பட்டனைக் கழற்றிவிட்டாள். சட்டைப் பையில் இரண்டு பேனா செருகினாள். தலைக்குக் கவிழ்த்த பானையில் வரைந்த மூக்கின் நுனிக்குப் பழைய கண்ணாடி ஒன்றை இறக்கிவிட்டாள். அசரியாவும் ஆறு தடவை அந்த ஆளைப் பார்த்தவர்தான். வழுக்கையைத் தவிர வேறு எதையும் அவர் கவனித்ததில்லை.

"எப்படிம்மா இவ்வளவு தெரியுது உனக்கு?"

"நீங்க ஆறு தடவை கேட்டீங்க சார். நான் தினமும் கேக்கறேன்."

"தினமுமா?"

"ஒரு நாள் விடாம. ஃபைல் நகருதாம்." அவள் குரலில் அழுகை இல்லை, கோபம்தான் இருந்தது. ஒரு பெண் தினமும் படியேறியிருக்கிறாள், நாம் ஆறு தடவையோடு களைத்துவிட்டோமே என்று அசரியாவுக்கு வெட்கமாகிவிட்டது.

"நல்ல சட்டையா இருக்கேம்மா, கொளுத்த மனசு வருமா?" என்று கேட்டார்.

"வரும் சார்."

திங்கட்கிழமை பத்தரை மணிக்கு, குட்டியானை வண்டியில் பொம்மையை ஏற்றிக்கொண்டு இருபது பேர் போய் இறங்கினார்கள். கம்பில் கட்டி நிமிர்த்தியதுமே, வாசலில் உட்கார்ந்திருந்த வாட்ச்மேன் பழக்கதோஷத்தில் எழுந்து நின்றுவிட்டார். அசரியாவுக்குப் பெருமை தாங்கவில்லை.

சத்தம் கேட்டு இன்ஜினியர் வெளியே வந்தார், அதே சிரித்த முகம். ஃபைலைப் பற்றிச் சொல்ல வாயைத் திறந்தவர், பொம்மையைப் பார்த்தார். கண் சட்டையிலேயே நின்றுவிட்டது. பிறகுதான் பக்கத்தில் தீப்பெட்டியோடு நின்ற வினிதாவைப் பார்த்தார். தலைவர் அசரியாவை அவர் திரும்பியும் பார்க்கவில்லை. வேகமாகப் படியிறங்கி அவளிடம் போய்க் குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

"ஸ்லாப் லாரியை இப்பவே அனுப்பறேன், வினி. அத்தை எனக்குத் தலைதீபாவளிக்கு எடுத்துக் குடுத்த சட்டை அது, கொளுத்திடாதே."

வினிதா தீப்பெட்டியைக் கீழே போடவில்லை. "முதல்ல லாரி எங்கம்மா வாசலுக்கு வரட்டுங்க. அதுவரைக்கும் நீங்க கம்புலயே இருங்க."