மாடி அறையில் கிடைத்த நீதி

"இந்த மாறுதல் உத்தரவைப் போட்ட ஆளுக்குச் சட்டம்னா என்னன்னு தெரியுமாம்மா?"

மாடி அறையில் மேல்முறையீட்டு அதிகாரி இப்படி ஆரம்பிப்பார் என்று அறிவியல் டீச்சர் கனவில்கூட நினைக்கவில்லை.

படிப்பு வருஷத்தின் நடுவில் ஒருவரைத் தூக்கியடிக்கக் கூடாது என்றார் அவர். பணிமூப்பில் கடைசியாக இருப்பவரை விட்டுவிட்டு இவளை ஏன் தொட்டார்கள் என்றார். காரணம் என்று பார்த்தால் 'நிர்வாக நலன்' என்று மொட்டையாக ஒரு வார்த்தை. இதை எழுதியவன் கையில் பேனாவைக் கொடுத்ததே தப்பு என்றார்.

டீச்சருக்கு வயிற்றில் பால் வார்த்ததுபோல இருந்தது.

உண்மைக் காரணம் அவளுக்குத் தெரியும். பள்ளிக்கு வந்த ஆய்வுக் குழு, ஆய்வகத்தில் என்னென்ன இருக்கிறது என்று கேட்டது. பூட்டு இருக்கிறது என்றாள். தலைமை ஆசிரியர் முகத்தில் ஈயாடவில்லை. அடுத்த வாரமே தபாலில் உத்தரவு வந்தது. அடியில் பதவியின் பெயர்தான் இருந்தது. ஆள் யாரென்று அவளுக்குத் தெரியாது. தெரியாத ஆளைத் திட்டுவது கஷ்டம். அந்த வேலையையும் இப்போது அதிகாரியே செய்துகொண்டிருந்தார்.

புதுப் பள்ளிக்குப் பஸ் மாறி மாறிப் போக வேண்டும். மகள் கண் விழிக்கும் முன் கிளம்பினால், அவள் தூங்கிய பிறகுதான் வீடு. குழந்தைக்குச் சோறூட்டுவது, தலைவாருவது எல்லாம் பெரியம்மாதான். போன வாரம் அவளையே 'அம்மா' என்று கூப்பிட்டுவிட்டதாம். அக்கா சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். டீச்சர் அன்றைக்குச் சாப்பிடவில்லை.

அதிகாரி பேனாவைத் திறந்தார். பேனாவைக் கொடுத்தது தப்பு என்பதையும் விடாமல் சேர்த்து, உத்தரவு செல்லாது என்று எழுதினார். ஆனால் தானே முடிவெடுத்தால் உத்தரவு போட்ட கீழ் அதிகாரியின் உரிமையில் கைவைத்ததாகிவிடும். ஆகவே அவரே சட்டப்படி மறுபடி விசாரித்து முடிவு சொல்லட்டும் என்றும் எழுதினார். கீழ்த்தளத்தில், படிக்கட்டை ஒட்டிய அறை. சூட்டோடு சூடாக இன்றைக்கே பார்த்துவிடுங்கள் என்று அனுப்பி வைத்தார்.

பாதிப் படியிலேயே அக்காவுக்குப் போன் போட்டு, ஜெயித்துவிட்டேன் என்றாள். நாளையிலிருந்து அம்மாதான் தலைவாரி விடுவாள் என்று அக்கா குழந்தையிடம் கத்திச் சொல்வது கேட்டது.

கீழ் அறையில் நாற்காலி காலி. பியூன் மின்விசிறியைப் போட்டுவிட்டு, சார் வந்துகொண்டே இருக்கிறார் என்றார். சட்டம் தெரியாத அந்த மனிதரிடம் எவ்வளவு பணிவாகப் பேசலாம் என்று டீச்சர் யோசித்துக்கொண்டிருந்தாள்.

மாடி அதிகாரி உள்ளே வந்தார்.

கூடவே நின்று பேசிக் கொடுக்க இறங்கி வந்திருக்கிறார் என்று நெகிழ்ந்துபோய் எழுந்தாள்.

அவர் நேராகப் போய்க் காலி நாற்காலியில் உட்கார்ந்தார்.

இந்த இடத்துக்கு ஒரு வருஷத்துக்கு மேலாக ஆளே போடவில்லை, சார்தான் இதையும் சேர்த்துப் பார்க்கிறார், உங்கள் உத்தரவுகூடச் சார் போட்டதுதான் என்று பியூன் காதோரம் சொன்னார்.

அதிகாரி மாடித் தீர்ப்பைக் கையை நீட்டி வாங்கினார். இப்போதுதான் பார்ப்பவர்போல வரி விடாமல் படித்தார். படிக்கப் படிக்க முகம் சிவந்தது. பேனாவைக் கொடுத்தது தப்பு என்ற வரி வந்ததும் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டு இன்னொரு தடவை படித்தார்.

"மாடியில உக்காந்து எழுதுறவங்களுக்குக் கீழ இருக்கறவன் படுற பாடு எங்கம்மா தெரியுது?"

பழைய உத்தரவே சரி என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார். பிறகு, பெற்ற மகளிடம் பேசுவதுபோலக் கனிவாகச் சொன்னார்: மனசுக்குச் சங்கடமாக இருந்தால் மேல்முறையீடு செய்யலாம், அதற்கு உரிமை உண்டு, மாடியில் இருப்பவர் தங்கமான மனுஷர்.