டோக்கன் நம்பர் 47

மூடிக் கிடந்த பஞ்சாலையைப் புதுப்பித்துக் கல்யாண மண்டபமாக்கிய பிறகு நடக்கும் முதல் முகூர்த்தம் அது. நாகராசு பட்டு வேட்டியோடு கேட்டுக்கு வெளியே வெயிலில் நின்றார்.

“நேரமாச்சு, உள்ள வாங்கண்ணே,” என்று கெஞ்சினார் வாட்ச்மேன் பீட்டர்.

“மாட்டேன். என் வேலை டோக்கனைப் பிடுங்கிட்டு இந்தக் கேட்டுக்கு வெளிய தள்ளுனாரே ஒங்க மொதலாளி, அவரு வந்து கூப்பிடட்டும்.”

“இருபது வருசமாச்சுல்லண்ணே?”

“ஆகட்டுமே! மயங்கி விழுந்த பிள்ளைத்தாச்சிக்குத் தண்ணி குடுக்கத்தான் மெசினை நிறுத்துனேன். அது தப்பா?”

“குடுமியான்மலைச் சாமியே வந்து கூப்பிட்டாலும் வரமாட்டீங்க போல!”

“சாமி என்னைய வெளிய தள்ளலையே.”

உள்ளே மேளம் நின்றது. முதலாளி ரகுநாத் செருப்புகூடப் போடாமல் ஓடி வந்தார். அவர் கையில் 47 என்று பொறித்த பழைய பித்தளை டோக்கன் இருந்தது.

“நீங்க செஞ்சதுதாங்க சரி. தப்பு என்னோடது,” என்று சொல்லிக் கேட்டைத் தன் கையாலேயே அகலத் திறந்தார்.

நாகராசு டோக்கனை வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்.

“இப்பவாச்சும் வாங்க சம்பந்தி,” என்றார் ரகுநாத். “நீங்க தாரை வார்த்துக் குடுத்தாத்தானே என் மகன் ஒங்க பொண்ணுக்குத் தாலி கட்ட முடியும்!”