றோசலின் அன்ரிக்கு வசனம் மறந்துபோச்சு

“ஐயையோ, என்ர வசனம் மறந்துபோச்சு!”

மேடையில நிண்டுகொண்டே தலையில கை வைச்சா றோசலின் அன்ரி. சேர்ச் மண்டபம் முழுக்கக் கொல்லெண்டு சிரிச்சுது.

எனக்கு உயிரே போட்டுது. இவ ஆர் தெரியுமே? மட்டக்களப்பில பிறந்து, முப்பது வருசமா லண்டன் டிவியில நடிக்கிறவ! நர்ஸ், மீன்கடைக்காரி, மகாராணியின்ர தோழி, பேய்கூட! ஒரு பொலிஸ் நாடகத்தில கொலையாகிச் செத்து, அடுத்த வருசம் அதே நாடகத்தில நீதவானா வந்து தீர்ப்புச் சொன்னவ. ஒருத்தரும் கண்டுபிடிக்கேல்லை! வீடியோ கசெட் எல்லாம் என்னட்டை இருக்கு. இஞ்ச கர்க்லாண்டில இருக்கிற தன்ர தங்கச்சி வீட்டுக்கு வந்தவவைக் கெஞ்சிக் கூத்தாடி எங்கட கலைவிழா நாடகத்துக்கு இழுத்ததே நான்தான்.

“கதாநாயகி எல்லாம் வேண்டாம் பிள்ளை. அந்த வேலைக்காரி வேசத்தைத் தா” எண்டா.

கதாநாயகி ஞானாம்பிகை அக்கா. இஞ்சத்தை ஜான்-டலோன் மரக்கறிச் சந்தையில தக்காளிப் பெட்டி தூக்கிறவ. இதுதான் முதல் மேடை. நடிக்கிறதெண்டால் அவவுக்கு உயிர். ஆனா புருசன் கிருபானந்தன் அண்ணை ஒரு நிபந்தனையோடதான் விட்டவர்.

“சனத்துக்கு முன்னால ஒரு இடத்தில தடுமாறினாலும் இதோட உன்ர நாடகம் முடிஞ்சுது.”

இப்ப முன்வரிசையில கை கட்டிக்கொண்டு இருக்கிறார்.

மேடையில ஞானாம்பிகை அக்கா கதிரையில சிலை மாதிரி. பக்கத்தில றோசலின் அன்ரி தேத்தண்ணித் தட்டோட அசடு வழியிறா.

“என்னவோ கேக்கவேணுமே அம்மா... ஆ! இந்த வீட்டை வித்துப்போட்டுப் போகப்போறியளோ?”

“விக்கமாட்டன்!” அக்கா எழும்பினா பாருங்கோ! “என்ர கழுத்தை வெட்டினாலும் விக்கமாட்டன்!”

கைதட்டல் நிக்கவே இல்லை.

நாடகம் முடிய, கிருபானந்தன் அண்ணை கோப்பிக் கப்போட மண்டபத்தைச் சுத்திச் சுத்திக் கதைச்சார்.

“லண்டன் நடிகையாம்! நாலு வசனம் பாடமில்லை. என்ர மனுசியைப் பாத்தனீங்களே? இனி வருசா வருசம் இவதான் கதாநாயகி!”

றோசலின் அன்ரி பக்கத்திலதான் நிண்டா.

“ஓம் தம்பி. வயசு போட்டுதெல்லே” எண்டு சிரிச்சா.

எனக்கு அழுகை வந்திட்டுது. வேசம் கலைக்கிற அறைக்குள்ள ஓடினன்.

“அக்கா, அவவின்ர பேரே கெட்டுப்போச்சு. அந்த ஒரு வசனத்தை மறக்காம இருந்திருக்கலாம்!”

ஞானாம்பிகை அக்கா பவுடர்கூடத் துடைக்காம கண்ணாடியைப் பாத்துக்கொண்டு இருந்தா. கண் கலங்கியிருந்துது.

“அந்த இடத்தில அவவுக்கு வசனமே இல்லையடி, துவாரகா. வசனம் எனக்குத்தான்.”