ஏழுக்கு நடுவுல ஒரு கோடு

"இந்த நாப்பத்து மூணும் ஒரே ஆள் எழுதினது. யாருன்னு நீயே சொல்லிடும்மா."

லைப்ரரியன் மாணவர்கள்கிட்ட வாங்கின சர்வே ஃபாரக் கட்டை மேஜையில தட்டி வெச்சாரு. எதிர்ல நின்ன பொண்ணு, கவுண்டர்ல சேர்ந்து ஒண்ணரை வருஷம் ஆகியும் எல்லாருக்கும் இன்னும் 'புதுசு'தான்.

"எனக்குத் தெரியாது சார்."

"நம்பர் பொய் சொல்லாதும்மா."

இது சாரோட வசனம். லைப்ரரியை எப்படி அளந்து பார்த்து மதிப்பு போடறதுன்னு மூணு நாள் பயிற்சிக்குப் போயிட்டு வந்தாரு. அன்னிலேர்ந்து எத்தனை பேர் உள்ள வந்தாங்க, எத்தனை பேர் படிச்சாங்க, எத்தனை பேர் புத்தகத்தைத் தலைக்கு வெச்சுத் தூங்கினாங்கன்னு எண்ணிட்டே திரியறாரு. நம்பர்னு சொல்றப்போ ஒரு தடவை, பொய்னு சொல்றப்போ ஒரு தடவை மூக்குக் கண்ணாடியை மேல தள்ளுவாரு. காலேஜ் பசங்க அதை அப்படியே செஞ்சு காட்டுவாங்க. அவர் பேரே சர்வே சார்.

ஆனா இந்த சர்வே சிரிக்கற விஷயம் இல்ல.

புத்தகம் பதிஞ்சு தர்ற மெஷின் வரப்போகுது. கவுண்டருக்கு இனிமே ஒரு ஆள் போதும்னு நிர்வாகம் சொல்லிடுச்சு. மாணவர்கள் யாருக்கு அதிக மார்க் போடறாங்களோ அவங்க இருக்கலாம். மார்க் குறைஞ்சா, கவுண்டர்ல கூட இருக்கற, பெர்மனென்ட் வேலையில உள்ள உஷ் அக்கா கீழ்த்தள ஸ்டோருக்குப் போகணும். டெம்பரரியா இருக்கற புதுசு வீட்டுக்கே போகணும்.

வீட்டுல அவ புருஷன் லாரி மேலேர்ந்து விழுந்து எட்டு மாசமா படுக்கை.

சார் ஒரு ஃபாரத்தை எடுத்து வாசிச்சாரு.

"'பெரியவங்க சிடுசிடுன்னு விழறாங்க. மூச்சு விட்டாக்கூட உஷ்ங்கறாங்க. சின்னவங்கதான் பொறுமையா தேடித் தர்றாங்க.' நாப்பத்து மூணுலயும் இதே பாட்டு. அதே நீல மை. தேதியைப் பாரு, 17-7. எல்லா ஏழுக்கும் நடுவுல ஒரு குறுக்குக் கோடு. வெத்து ஃபாரக் கட்டு உங்க கவுண்டர்லதான் இருந்துச்சு. இதைத் தள்ளிட்டு மத்ததை எண்ணினா உஷ் அக்காதான் முன்னால. இதையும் சேர்த்தா நீ முன்னால. அப்ப யாருக்கும்மா லாபம்?"

புதுசு இல்லைன்னு தலையை ஆட்டினா.

"கையைப் பிடிச்சு உனக்கு வேலை கத்துக்கொடுத்தவங்க. அவங்களுக்கு வீசிங்னு உனக்குத் தெரியாதா? அந்த ஸ்டோர் தூசியில ஒரு வாரம் தாங்குவாங்களா?"

"அக்காவைப் பத்தி நான் இப்படி எழுதுவேனா சார்?"

"எழுதியிருக்கியே."

புதுசு மேஜையில கிடந்த வெள்ளைத் தாளை இழுத்து, நின்னுக்கிட்டே நாலு வரி எழுதினா. வேலையிலேர்ந்து நின்னுக்கறேன்னு. கீழ கையெழுத்து, தேதி. பேனாவை மூடி ஓரமா வெச்சுட்டு, மூக்கை உறிஞ்சிக்கிட்டே கதவுப் பக்கம் போனா.

சார் தாளைப் பார்த்தாரு. 27-7.

ரெண்டு ஏழும் மொட்டையா நின்னுச்சு. குறுக்குக் கோடு இல்ல.

"நில்லும்மா."

அவ எழுதற ரிஜிஸ்டரை எடுத்துப் புரட்டினாரு. ஒண்ணரை வருஷத் தேதி. திரும்பத் திரும்பப் பார்த்தாரு. ஒரு ஏழுக்குக் கூட கோடு இல்ல.

தாளை ரெண்டா கிழிச்சாரு.

"தப்பு என்னோடது. கண்ணைத் துடைச்சுக்க. போய் வேலையைப் பாரும்மா."

அவ போயிட்டா. அப்ப யாரு?

பொய் ஃபாரத்தைக் கண்டுபிடிக்கறதுக்குப் பயிற்சியில ஒரு வழி சொன்னாங்களேன்னு, ஆராய்ச்சி முறைப் புத்தகத்தை எடுக்கக் கையை நீட்டினாரு. கை அந்தரத்துல நின்னுச்சு.

புத்தக முதுகுல ஒட்டின லேபிள். 020.7. ஏழுக்கு நடுவுல ஒரு கோடு.

அலமாரியைத் திரும்பிப் பார்த்தாரு. பக்கத்துப் புத்தகம். அதுக்குப் பக்கத்துல. மேல் தட்டு, கீழ்த் தட்டு. ஒரே கை. இந்த லைப்ரரியில அத்தனை லேபிளும் எழுதினது ஒரே ஆள்தான். பதினோரு வருஷமா அந்த லேபிளுக்கு நடுவுலதான் சார் உக்காந்திருக்காரு. எல்லாத்தையும் எண்ணினாரு, இதைப் பார்க்கல.

ஒரு ஃபாரத்தையும் நிர்வாகத்துக்கு அனுப்ப வேண்டிய ரிப்போர்ட்டையும் எடுத்துக்கிட்டு கவுண்டருக்கு நடந்தாரு.

உஷ் அக்கா குனிஞ்சு புது லேபிள் எழுதிட்டிருந்தாங்க. புதுசு நாலு அலமாரி தள்ளி நின்னு புத்தகம் அடுக்கிட்டிருந்தா.

"ரிப்போர்ட்ல செல்லாத ஃபாரம் எத்தனைன்னு ஒரு கட்டம் இருக்கு அக்கா. நாப்பத்து மூணுன்னு போடணும். அதுதான் முறை."

அக்கா நிமிர்ந்து அவர் கையிலிருந்த ஃபாரத்தைப் பார்த்தாங்க. அப்புறம் தன் லேபிளைப் பார்த்தாங்க. பேனாவை மெதுவா கீழ வெச்சாங்க.

"ஸ்டோரைப் பெருக்கி வெச்சுட்டேன் சார். மூக்குல கட்டிக்கத் துணியும் வாங்கிட்டேன்."

"உங்களைப் பத்தி நீங்களே இப்படி, அதுவும் நாப்பத்து மூணு..." சார் குரல் எகிறுச்சு.

அக்கா உதட்டு மேல விரலை வெச்சாங்க.

"உஷ். அவ காதுல விழப்போகுது."

சார் கண்ணாடியைக் கழட்டினாரு. அது இல்லாமலே தடவித் தடவி அந்தக் கட்டத்தைத் தேடிப் பிடிச்சு, ஒரு பூஜ்யம் போட்டாரு.